வெறும் சட்டியில் வெங்காயம்

மார்ச் 11, 2024, திங்கள்

அடிஸ் அபாபாவில் இன்று ஹுதாதே தொடங்கிவிட்டது. எத்தியோப்பிய ஆர்த்தடாக்ஸ் ஈஸ்டருக்கு முந்தைய 55 நாள் விரதம். கறி, முட்டை, பால், வெண்ணெய் எதுவும் கிடையாது. எதிர்வீட்டு எமாமா (இங்கே வயதான பெண்களை மரியாதையாக அப்படித்தான் கூப்பிடுவோம்) தினிச் வோத் சொல்லித் தருவதாகச் சொன்னார். உருளைக்கிழங்குக் குழம்பு. ஆசை பொறுக்காமல் இரவே நானாகச் செய்து பார்த்தேன். எண்ணெய் காய்ந்ததும் வெங்காயம், பெர்பெரே என்கிற இந்த ஊர் மசாலாப் பொடி, தண்ணீர், கிழங்கு என்று நம் வீட்டு வரிசை. குழம்பு நீர்த்துக் கிடந்தது. பொடியின் பச்சை வாசனை போகவே இல்லை.

மார்ச் 13, புதன்

புதிய பெர்பெரே வாங்கினேன். மிளகாய், பூண்டு, இஞ்சி, வெந்தயம், ஓமம் எல்லாம் நமக்குத் தெரிந்தவைதான். கொரரிமா மட்டும் வேறு. ஏலக்காயின் உறவுதான், ஆனால் காய் அத்திக்காய் அளவு இருக்கும். ஓட்டை உடைத்து முகர்ந்தேன். ஏலத்தின் இனிப்பு குறைவு, லேசாகக் கற்பூரம்.

மார்ச் 15, வெள்ளி

எமாமா வீட்டில் நாலு கிழங்குக்கு ஆறு வெங்காயம். பொடிப்பொடியாக நறுக்கி வெறும் சட்டியில் போட்டார், எண்ணெயே இல்லாமல். சிறு தீ. வெங்காயம் நீர் விட்டு, அது வற்றி, அடி பிடிக்கப் போகும்போது ஒரு கரண்டித் தண்ணீர். மறுபடி கிளறல். முக்கால் மணி நேரத்தில் சட்டி நிறைய இருந்தது ஒரு கைப்பிடிப் பழுப்பு விழுதானது. அப்புறம்தான் எண்ணெய், பெர்பெரே, பூண்டு, இஞ்சி. தண்ணீர் தெளித்துத் தெளித்து இன்னும் இருபது நிமிடம். குழம்புக்கு அடிப்படையான இந்த விழுதுக்குக் குலேத் என்று பெயர். தேங்காயோ மாவோ சேர்ப்பதில்லை, குழம்பின் கெட்டி முழுக்க வெங்காயம்தான். என் திங்கள்கிழமைக் குழம்பில் இல்லாதது இதுதான்.

கிழங்கு வேகத்தான் நேரமெடுத்தது. 2,300 மீட்டருக்கு மேலே இருக்கிற ஊர், தண்ணீர் சீக்கிரம் கொதித்துவிடும், ஆனால் அந்தச் சூடு போதாது.

விரதத்தில் மூன்று மணி வரை எமாமா எதையும் வாயில் வைக்க மாட்டார். ருசி பார்க்காமல், ஆவியை முகர்ந்தே உப்புப் போட்டார். சரியாக இருந்தது. மூன்று மணிக்கு மேல் இஞ்சேராவை (தோசை மாதிரியான புளித்த மாவு ரொட்டி) கிள்ளி, குழம்பை அள்ளிச் சுருட்டி என் வாயில் ஊட்டினார். இப்படி ஊட்டுவதற்குக் குர்ஷா என்று பெயர். அம்மா கைக்குப் பிறகு எனக்கு யாரும் ஊட்டியதில்லை.

மார்ச் 17, ஞாயிறு

புதன்கிழமை எமாமா என் வீட்டில் சாப்பிட வருகிறார். இரண்டு கிலோ வெங்காயம் வாங்கி வைத்திருக்கிறேன்.