ரோஸ்டர் போடுகிறவளின் பக்கத்திலிருந்து

வாரத்தில் மூன்று நாள் அலுவலகம் வந்தே ஆகவேண்டும் என்று எங்கள் நிறுவனத்தில் அறிவித்துவிட்டார்கள். செவ்வாய், புதன், வியாழன். யார் எத்தனை முறை ஸ்வைப் செய்தார்கள் என்ற பட்டியல் மாதக் கடைசியில் மேனேஜருக்குப் போகும். மற்ற பிரிவுகளுக்கு இது சரியா என்பதை அந்தந்தப் பிரிவுக்காரர்கள் பேசட்டும். நான் எஸ்ஓசி, அதாவது இணையப் பாதுகாப்பு மையம், பற்றி மட்டும் பேசுகிறேன். வாடிக்கையாளர் நிறுவனங்களின் கணினிகளையும் சர்வர்களையும் யாராவது ஊடுருவுகிறார்களா என்று இரவு பகலாகக் கண்காணிக்கும் பிரிவு அது. வங்கி இருக்கிறது, மருத்துவமனை இருக்கிறது, தொழிற்சாலை இருக்கிறது. தீபாவளி அன்றும் பொங்கல் அன்றும் யாராவது ஒருவர் திரையைப் பார்த்துக்கொண்டு இருந்தாக வேண்டும்.

நான் அங்கே ஷிஃப்ட் லீட். தொடக்க நிலையான எல்1-இல் சேர்ந்து படிப்படியாக மூத்த நிலையான எல்3 வரை வந்தவள். ரோஸ்டர், அதாவது ஷிஃப்ட் அட்டவணை, போடுவதும் என் பொறுப்புதான். யார் நைட், யார் ஆன்-கால் (அவசரமென்றால் கூப்பிட வேண்டியவர்), யாருக்கு கேப் என்று எல்லாம் என் எக்ஸெல் ஷீட்டில் இருக்கிறது. அதை வருடக்கணக்காகப் போட்டு வருகிறவளாகச் சொல்கிறேன்: கிழமை பார்த்து ஆளை வரச் சொல்வது எங்கள் வேலைக்கு ஒத்துவராது. அதற்காக எல்லோரும் வீட்டிலேயே இருந்துவிடலாம் என்று சொல்ல வரவில்லை, அதுவும் ஒத்துவராது. புதிதாகச் சேர்ந்தவருக்கு ஒரு நியாயம், பத்து வருடம் பார்த்தவருக்கு வேறு நியாயம். இதைத்தான் மேலிடத்துக்கும் எழுதிக் கொடுத்திருக்கிறேன்.

2020 மார்ச் வரை வீட்டிலிருந்து எஸ்ஓசி வேலை என்ற பேச்சுக்கே இடமில்லை. வாசலில் லாக்கர், அதில் போனை வைத்துவிட்டுத்தான் உள்ளே போகவேண்டும். பேப்பர், பேனா கூடாது. மேலே கேமரா. வாடிக்கையாளர் ஒப்பந்தத்திலேயே இதெல்லாம் எழுதியிருக்கும். மார்ச் 24 இரவு ஊரடங்கு அறிவிப்பு வந்தது. அதற்கு முந்தைய சில நாட்களிலேயே டெஸ்க்டாப்களை அட்டைப்பெட்டிகளில் கட்டி, ஊழியர்களை ஏற்றிச் செல்லும் வேன்களிலேயே வீடு வீடாக இறக்கினார்கள். ஒவ்வொரு வாடிக்கையாளரிடமும் எழுத்தில் அனுமதி வாங்கினோம். குரல்வழி பிபிஓக்களுக்கு இன்னும் சிரமம், அவர்கள் தொலைத்தொடர்புத் துறை கால் சென்டர்களுக்கு வைத்திருந்த ஓஎஸ்பி விதிகளுக்குக் கட்டுப்பட்டவர்கள். அந்த விதிகளை 2020 மார்ச்சில் தற்காலிகமாகத் தளர்த்தினார்கள். நவம்பரில் பதிவு, வங்கி உத்தரவாதம் போன்றவற்றை எடுத்தேவிட்டார்கள்.

அந்த மாதங்களில் எங்கள் திரையில் வந்த அலர்ட்டுகளை மறக்க முடியாது. ஒருவர் பத்து மணிக்குச் சென்னையிலிருந்து லாகின் செய்வார், பத்தேகாலுக்கு அதே கணக்கு வேறு நாட்டிலிருந்து வரும். நிறுவனத்தின் பாதுகாப்பான இணைப்பான விபிஎன் அந்த நாட்டு சர்வர் வழியாக வெளியே போவதுதான் காரணம். மொபைல் டேட்டாவில் வேலை செய்தால் தாம்பரத்தில் இருப்பவர் மும்பையில் இருப்பதாகக் காட்டும். எது இயல்பு, எது இயல்பில்லை என்று வருடக்கணக்கில் சேர்த்து வைத்திருந்த கணக்கு முழுவதும் ஒரே வாரத்தில் பயனில்லாமல் போயிற்று. ஒவ்வொரு விதியையும் உட்கார்ந்து திருத்தினோம். எஸ்ஓசியை வீட்டிலிருந்தும் நடத்தலாம் என்ற நம்பிக்கை எனக்கு வந்தது அந்த உழைப்பில்தான்.

மிக்ஜாம் புயல் அதை உறுதிப்படுத்தியது. 2023 டிசம்பர் 3 இரவு பிடித்த மழை மறுநாள் முழுக்க விடவில்லை. வேளச்சேரி, மடிப்பாக்கம், பள்ளிக்கரணை, பெருங்குடி எல்லாம் தண்ணீர். எங்கள் தெருவில் முழங்காலுக்கு மேல். கரண்ட் இல்லை. கொஞ்ச நேரத்தில் மொபைல் டவரும் போய்விட்டது. ஓஎம்ஆரில் அலுவலகக் கட்டடத்துக்கு ஜெனரேட்டர் இருக்கிறது, டீசலும் இருந்தது, ஆனால் அங்கே போய்ச்சேர வழியில்லை. உள்ளே மாட்டியவர்கள் வெளியே வரவும் முடியவில்லை. அன்றைக்கு ஷிஃப்டைத் தாங்கியவர்கள் கோயம்புத்தூரிலும் மதுரையிலும் நாகர்கோவிலிலும் சொந்த வீட்டில் உட்கார்ந்திருந்தவர்கள். கோவிட்டில் ஊருக்குப் போய், அங்கிருந்தே வேலை செய்ய அனுமதி வாங்கியவர்கள் அவர்கள். மாறி மாறி உட்கார்ந்து, இரவுச் சாப்பாட்டைக் கீபோர்டு பக்கத்தில் வைத்துக்கொண்டு பார்த்தார்கள். வாடிக்கையாளர் ஒருவருக்கும் கண்காணிப்பு நிற்கவில்லை. புதிய உத்தரவு அந்த நாகர்கோவில்காரரையும் சென்னைக்கு வரச்சொல்கிறது. எல்லோரையும் ஒரே ஊரில், அதுவும் சதுப்பு நிலத்தை ஒட்டிய சாலையில் சேர்த்து வைத்துவிட்டு அடுத்த டிசம்பரை எப்படிச் சமாளிப்பது? ஒவ்வொரு வருடமும் நாங்களே வாடிக்கையாளர்களுக்கு எழுதிக் கொடுக்கும் பேரிடர் திட்டத்தில், ஆட்கள் ஒரே இடத்தில் இருக்கக்கூடாது என்றுதான் எழுதுகிறோம்.

வீட்டில் ஆபத்து அதிகம் என்று சொல்கிறவர்களின் வாதத்தையும் நான் தள்ளவில்லை. 2022-இல், பாஸ்வேர்டுகளைச் சேமித்து வைக்கும் லாஸ்ட்பாஸ் நிறுவனத்தில் நடந்ததைப் பாருங்கள். மூத்த பொறியாளர் ஒருவரின் வீட்டுக் கணினியில் பழைய ஓட்டையோடு இருந்த ஒரு மீடியா மென்பொருள் வழியாக உள்ளே புகுந்து, அவர் தட்டிய மாஸ்டர் பாஸ்வேர்டையே பிடித்துவிட்டார்கள். நிறுவனத்தின் காப்புப் பிரதிகளைத் திறக்கும் சாவிகள் நான்கே பேரிடம்தான் இருந்தன, அவர்களில் ஒருவர் அவர். அதற்கான தீர்வு சாதனத்தில் இருக்கிறது. நிறுவன லாப்டாப்பைத் தவிர வேறெதிலும் அட்மின் கணக்கைத் திறக்க முடியாதபடி பூட்ட வேண்டும், லாகின் செய்யும்போது செருகும் ஹார்டுவேர் கீயைக் கையில் கொடுக்க வேண்டும். இரண்டும் எங்களிடம் இருக்கிறது. அதே ஆள் அலுவலகத்துக்கு வந்து வேலை பார்த்துவிட்டு, ராத்திரி சொந்தக் கணினியில் லாகின் செய்ய முடிகிறது என்றால் ஸ்வைப் கார்டு எதைக் காப்பாற்றும்?

அலுவலகம் கட்டாயம் தேவைப்படுவது யாருக்கு என்று கேட்டால், புதிதாக வந்தவர்களுக்கு என்று தயங்காமல் சொல்வேன்.

விழுப்புரம் பக்கத்திலிருந்து வந்த ஒரு பெண், கல்லூரி முடித்த கையோடு சேர்ந்தவள். பக்கத்து சீட்டிலிருந்து கேட்டாள்: "அக்கா, பவர்ஷெல் அலர்ட் ஒண்ணு வந்திருக்கு. அட்மின் ஸ்கிரிப்ட் மாதிரிதான் தெரியுது. க்ளோஸ் பண்ணிடவா?"

"கமாண்டை அப்புறம் படி. அதைக் கிளப்பிவிட்டது யாருன்னு முதல்ல பாரு."

பார்த்தாள். பவர்ஷெல் என்பது விண்டோஸுக்குக் கட்டளை கொடுக்கும் கருவி, அதைக் கிளப்பியிருந்தது வேர்டு. "வேர்டு எதுக்குக்கா பவர்ஷெல்லைக் கூப்பிடணும்?" என்று அவளே கேட்டாள். கேட்டதும் முகம் மாறியது, புரிந்துவிட்டது. இன்வாய்ஸ் என்ற பெயரில் மெயிலில் வந்த கோப்பை யாரோ திறந்திருக்கிறார்கள், உள்ளே மேக்ரோ, தானாக ஓடும் சிறு நிரல். அந்தக் கணினியை நெட்வொர்க்கிலிருந்து அவள் கையாலேயே துண்டிக்க வைத்தேன். அன்றிலிருந்து எந்த அலர்ட் வந்தாலும் யார் யாரைக் கூப்பிட்டது என்றுதான் முதலில் பார்க்கிறாள். இப்போது அவளுக்குப் பின்னால் வந்தவர்களுக்குச் சொல்லித் தருகிறாள்.

இதே அலர்ட் அவள் வீட்டில் இருக்கும்போது வந்திருந்தால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும், ஏனென்றால் தினமும் பார்க்கிறேன். டீம்ஸில் என் பெயருக்குக் கீழே ஒருவர் தட்டச்சு செய்வதற்கான மூன்று புள்ளி ஓடும், நிற்கும், மறுபடி ஓடும். பிறகு ஒன்றும் வராது. கொஞ்ச நேரத்தில் அந்த அலர்ட்டுக்கான பதிவு, டிக்கெட், மூடப்பட்டிருக்கும். லீட் வேறு இன்சிடென்ட்டில் இருப்பார்கள், தொந்தரவு செய்யக்கூடாது என்று அந்தப் பிள்ளை நினைத்திருக்கும். பக்கத்தில் உட்கார்ந்திருந்தால் என் முகத்தைப் பார்த்தே இப்போது கேட்கலாமா கூடாதா என்று தெரிந்துவிடும். கேட்காமலே கற்றுக்கொள்வதும் உண்டு. பக்கத்து நாற்காலியில் எல்3 ஒருவர் வாடிக்கையாளரிடம் போனில் எப்படிப் பதறாமல் பேசுகிறார், கணினிப் பதிவான லாகில் எந்த வரியில் நிறுத்துகிறார், எதைப் பார்த்து "ம்ஹூம், இது சரியில்லை" என்று முணுமுணுக்கிறார் என்பதெல்லாம் எந்த ட்ரெயினிங் வீடியோவிலும் கிடைக்காது. நான் கற்றது பெரும்பாலும் அப்படிக் காதில் விழுந்ததைக் கொண்டுதான்.

அதனால் முதல் ஆறு மாதம் புதியவர் வரட்டும். ஆனால் அவரோடு அதே ஷிஃப்டில் ஒரு சீனியரும் வரவேண்டும், இதுதான் முக்கியம். செவ்வாயன்று புதியவரை வரவழைத்து, சீனியர் வேறு நாளில் வந்துவிட்டுப் போயிருந்தால் என்ன பிரயோஜனம்? போன மாதம் அதுதான் நடந்தது. புதியவர்கள் அலுவலகத்தில் ஹெட்செட் மாட்டிக்கொண்டு வீட்டிலிருக்கும் சீனியரோடு கால் பேசிக்கொண்டிருந்தார்கள். போதாததற்கு, இன்னொரு நாள் பிரிவு முழுக்க ஒரே நேரத்தில் வந்ததால் சீட் இல்லாமல் சிலர் கேன்டீனில் உட்கார்ந்தார்கள். வாடிக்கையாளரின் இன்சிடென்ட் கேன்டீன் மேசையில் திறந்து கிடப்பதை என்னால் ஏற்க முடியவில்லை. அன்றே மெயில் போட்டேன்.

நைட்டில் வீட்டிலிருந்து பார்ப்பவர்களுக்கு ஒரு ஏற்பாடு செய்திருக்கிறோம். ஷிஃப்ட் முழுவதும் ஒரு குரல் அறை திறந்தே இருக்கும். கேமரா வேண்டாம், மைக் போதும். அலர்ட்டைப் பார்க்கும் சீனியர் மனதில் ஓடுவதை வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே பார்க்க வேண்டும். ஆரம்பத்தில் கூச்சப்பட்டார்கள், இப்போது பழகிவிட்டது. நேரில் உட்காருவதற்கு ஈடில்லை, ஆனால் அந்த மூன்று புள்ளி நின்றுபோவது குறைந்திருக்கிறது.

இன்னொன்றும் நேரில்தான் நடக்க வேண்டும்: வேலையில் சேரும் நாள். 2024 ஜூலையில் நோபிஃபோர் என்ற பாதுகாப்புப் பயிற்சி நிறுவனம் தாங்களே ஏமாந்ததை வெளிப்படையாகச் சொன்னது. நான்கு வீடியோ நேர்காணல் தாண்டி வேலைக்கு எடுத்த ஒருவர், திருடிய அடையாளத்தில் வந்த வடகொரிய ஆள். லாப்டாப் போய்ச்சேர்ந்ததும் அதில் மால்வேர் ஏற ஆரம்பித்தது. அவர்களுடைய எஸ்ஓசி உடனே பிடித்து முடக்கிவிட்டது. ஒரு லாப்டாப்பைக் கூரியரில் அனுப்பாமல் கையில் கொடுத்தால், ஆதாரையும் முகத்தையும் ஒருவர் நேரில் பார்த்தால் எவ்வளவு கவலை தீரும்!

அதே மாதம் 19-ஆம் தேதி, வெள்ளிக்கிழமை, இந்திய நேரம் காலை 9:39-க்கு கிரவுட்ஸ்ட்ரைக் என்ற பாதுகாப்பு மென்பொருளின் பிழையான அப்டேட் உலகம் முழுவதும் போனது. சுமார் 85 லட்சம் விண்டோஸ் கணினிகள் நீலத்திரையில் நின்றன என்பது மைக்ரோசாஃப்டின் மதிப்பீடு. 78 நிமிடத்தில் அப்டேட்டைத் திரும்பப் பெற்றுவிட்டார்கள், ஆனால் விழுந்த கணினி பல இடங்களில் தானாக எழவில்லை. ஒவ்வொன்றையும் கையால் சேஃப் மோடுக்குக் கொண்டுபோய் ஒரு கோப்பை அழிக்க வேண்டும். டிஸ்க் பிட்லாக்கர் என்ற விண்டோஸ் குறியாக்கத்தால் பூட்டியிருந்தால் 48 இலக்க மீட்புச் சாவி வேண்டும். வீட்டில் இருப்பவருக்கு அந்தச் சாவியைப் போனில்தான் படிக்க முடியும். படிப்பதற்கு முன், மறுமுனையில் பேசுவது அவர்தானா என்று உறுதி செய்தாக வேண்டும். 2023 செப்டம்பரில் எம்ஜிஎம் சூதாட்ட விடுதிகளை முடக்கியவர்கள், ஊழியர் போல நடித்து ஹெல்ப்டெஸ்க்கை ஏமாற்றியதாகத்தான் செய்தி வந்தது. எங்கள் வழக்கம் இதுதான்: வந்த அழைப்பை வைத்துவிட்டு, எச்ஆர் பதிவில் உள்ள எண்ணுக்கு நாமே அழைப்போம், அவருடைய மேனேஜரை வீடியோவில் சேர்ப்போம். எவ்வளவு அவசரம் என்றாலும் இதை விடமாட்டோம்.

பெண்கள் பற்றிச் சொல்லாமல் முடிக்க முடியாது. என் மகன் பிறந்தபிறகு நான் இந்தத் துறையில் தங்கியதே நைட் ஷிஃப்டை வீட்டிலிருந்து பார்க்க முடிந்ததால்தான். அத்தை பிள்ளையைத் தூங்கவைப்பார்கள், நான் கதவைச் சாத்திக்கொண்டு உட்காருவேன். அதற்கு முன்பு ராத்திரி கேப், கடைசி டிராப் பெண் என்றால் கூடவே செக்யூரிட்டி, விடிந்து வீடு வந்து சமையல். என்னோடு சேர்ந்த தோழிகள் பலர் அந்த வருடங்களில்தான் விட்டுப் போனார்கள். வேலைக்கும் இது நல்லதே. அரசின் இணையப் பாதுகாப்பு அமைப்பான செர்ட்-இன் 2022 ஏப்ரல் 28 உத்தரவுப்படி, சம்பவம் தெரியவந்த 6 மணி நேரத்துக்குள் அவர்களுக்குத் தெரிவிக்க வேண்டும். நடுராத்திரி ஒன்றரைக்கு இன்சிடென்ட் என்றால் ஆன்-காலில் இருக்கும் நான் கேப்புக்குக் காத்திராமல் உடனே குழு அழைப்பில் சேர்ந்துவிடுகிறேன்.

எதிர்ப்பக்கமும் உண்டு. காரப்பாக்கத்தில் பிஜியில் நான்கு பேரோடு ஒரே அறையில் இருக்கும் பையனுக்கு வீட்டிலிருந்து வேலை செய்வது தண்டனை. திரையை மறைக்கக்கூட சுவர் இல்லை. அவனே அலுவலகம் வருகிறேன் என்று கேட்கிறான், அவனுக்கு எல்லா நாளும் சீட் கொடுக்க வேண்டும். நைட் முடித்து வீட்டில் படுப்பவருக்கு, பராமரிப்புக்காக ஒன்பதிலிருந்து இரண்டு மணி வரை கரண்ட் நிறுத்தும் நாள் மே மாதத்தில் வந்தால் தூக்கமே கிடையாது. அந்த அறிவிப்பைப் பார்த்து அவருக்கு அன்று நைட் போடாமல் மாற்றிவிடுவேன். வீட்டில் இன்வெர்ட்டரும் ரவுட்டருக்கு யுபிஎஸ்ஸும் நிறுவனச் செலவில் வேண்டும் என்பது என் நெடுநாள் கோரிக்கை.

புதிய ஊழியர்களின் பேட்ச் அடுத்த மாதம் சேர்கிறது. ஒவ்வொருவருக்கும் ஒரு சீனியரை இணைத்து, இருவரும் ஒரே நாளில் ஒரே ஷிஃப்டில் வருகிற மாதிரி ரோஸ்டர் போட்டு அனுப்பிவிட்டேன். மேனேஜர் ஒப்புக்கொண்டார். வெளியூர்க்காரர்களுக்கு விலக்கு வேண்டும் என்ற கடிதத்தோடு மிக்ஜாம் நாளின் ஷிஃப்ட் பதிவுகளையும் இணைத்திருக்கிறேன், அது எச்ஆரிடம் இருக்கிறது. யுபிஎஸ் செலவுக்கு இதுவரை பதில் இல்லை. வடகிழக்குப் பருவமழை தொடங்கும் முன் மறுபடி கேட்பேன்.