வைக்கோல் கரடி வந்த சனிக்கிழமை

ஜனவரி பிறந்ததும் எனக்கு வேலை இல்லாமல் போனது. யாரும் போகச் சொல்லவில்லை; ஷிப்ட் வரவில்லை, அவ்வளவுதான். டிசம்பர் முழுக்க வாரத்துக்கு ஆறு நாள் கிடங்கில் பெட்டி கட்டினேன். கிறிஸ்துமஸ் முடிந்ததும் ஏஜென்சியின் குறுஞ்செய்தி நின்றுவிட்டது. மனைவிக்கு மருத்துவமனையில் நர்ஸ் வேலை, நான் அவளுடைய விசாவில் ஒட்டிக்கொண்டு வந்தவன். அவள் இரவுப் பணி முடிந்து வந்து படுப்பாள். நான் சத்தம் போடாமல் ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருப்பேன்.

நாங்கள் இருப்பது இங்கிலாந்தில் பீட்டர்பரோவுக்குப் பக்கத்தில், விட்டில்சி என்னும் சின்ன ஊர். சுற்றிலும் ஃபென்ஸ் எனப்படும் தாழ்ந்த நிலம். ஒரு காலத்தில் சதுப்பாகக் கிடந்ததை 17ஆம் நூற்றாண்டில் வாய்க்கால் வெட்டி வடித்து வயலாக்கினார்கள். மேடே இல்லாத, வாய்க்கால் ஓடும் கறுப்பு மண். தஞ்சாவூர்ப் பக்கத்து ஆளான எனக்கு அதைப் பார்த்தால் கொஞ்சம் ஆறுதல். குளிரை மட்டும் கழித்துவிட வேண்டும்.

பக்கத்து வீட்டுப் பெரியவர் செங்கல் சூளையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். நான் சும்மா இருப்பதைக் கவனித்துவிட்டு, "ஜனவரியில் இந்தப் பக்கம் யாருக்கு வேலை இருந்தது, மீ டக்?" என்றார். டக் என்றால் வாத்துதான். இங்கே பிரியமாகக் கூப்பிடுவது அப்படித்தான். முதல் முறை கேட்டபோது கேலி செய்கிறாரோ என்று முறைத்தேன்.

அப்புறம் வேலிக்கு அந்தப் பக்கம் நின்றபடியே கதை சொன்னார். ஜனவரி 6க்கு அடுத்து வரும் திங்களுக்கு ப்ளவ் மண்டே என்று பெயர். ஏர்த் திங்கள் என்று வைத்துக்கொள்ளலாம். கிறிஸ்துமஸ் ஓய்வு முடிந்து உழவு தொடங்க வேண்டிய நாள். ஆனால் நிலம் பனியில் இறுகியோ தண்ணீரில் மூழ்கியோ கிடந்தால் கூலி ஏது? உழவர்கள் ஒரு கலப்பையை இழுத்துக்கொண்டு வீடு வீடாகப் போய்க் காசு கேட்பார்கள். கொடுக்காத வீட்டு வாசலை உழுதுவிடுவோம் என்று மிரட்டல். முகத்தில் கரி பூசிக்கொள்வார்கள். இன்று கை நீட்டுகிறவனை நாளைக்கு வேலை கொடுக்கப்போகிற பண்ணையார் அடையாளம் கண்டுகொள்ளக் கூடாதே.

மறுநாள் செவ்வாய்க்கிழமை விட்டில்சியில் வைக்கோல் கரடி. ஒரு ஆளுக்குத் தலை முதல் கால் வரை வைக்கோல் சுற்றிக் கயிற்றில் பிடித்துக் கூட்டிப்போவார்கள். வாசலுக்கு வாசல் அது ஆடும். சில்லறையோ சாப்பாடோ குடிக்க பியரோ கிடைக்கும். எனக்கு எங்கள் தெருவுக்கு வரும் பூம்பூம் மாட்டுக்காரர் ஞாபகம் வந்தது. 1909 வாக்கில், இது பிச்சை எடுப்பது என்று சொல்லிப் போலீஸ் தடுத்துவிட்டது. எழுபது வருடம் கரடி இல்லை. 1980இல் ஊர்க்காரர்கள் திரும்பக் கொண்டுவந்தார்கள்.

இங்கிலாந்தின் நாட்டார் ஆட்டம் என்றால் வெள்ளை உடுப்பு, காலில் சலங்கை, பசும்புல் என்று பிஸ்கட் டின் மூடிப் படம் போல நினைத்திருந்தேன். அதற்குப் பின்னால் காலி வயிறு இருந்தது இங்கே வந்துதான் புரிந்தது. 1899 டிசம்பர் 26 அன்று ஆக்ஸ்ஃபோர்டுக்குப் பக்கத்து ஹெடிங்டனில் சிசில் ஷார்ப் முதன்முதலாக, மாரிஸ் எனப்படும் இந்த ஆட்டத்தைப் பார்த்தார். நாட்டார் பாடலையும் ஆட்டத்தையும் தேடித் தேடிச் சேகரித்தவர் என்று இன்று கொண்டாடப்படுகிறாரே, அவர்தான். அந்த ஆட்டம் வசந்த காலத்து விட்சன் பண்டிகைக்கு உரியது. குளிர்காலத்தில் ஏன் ஆடினார்கள்? உறைபனியில் கட்டட வேலை நின்றுபோயிருந்தது. வாத்தியம் வாசித்த வில்லியம் கிம்பர் கொத்து வேலைக்காரர். பருவம் தவறி ஆடுவதற்கு மன்னிப்பு வேறு கேட்டார்களாம். கிம்பரிடம் கேட்டு ஷார்ப் மெட்டுகளைக் குறித்துக்கொண்டார். அன்று வேலை இருந்திருந்தால் அவர்கள் ஆடியே இருக்க மாட்டார்கள்.

சரி, கரடித் திருவிழாவுக்கு வருகிறேன். இப்போது அது செவ்வாயில் இல்லை, வார இறுதியில். சனிக்கிழமை தெருவெல்லாம் டிரம், அக்கார்டியன், பப் வாசலில் கூட்டம். நடுவே கரடி, ஒரு வைக்கோல் போர் எழுந்து நடப்பது போல. உள்ளே இருப்பவருக்கு வழி சரியாகத் தெரியாது, பிடித்துத்தான் நடத்துகிறார்கள். குட்டிக் கரடி ஒன்றும் உண்டு. மோலி ஆட்டக்காரர்கள் ஆணிப் பூட்ஸால் தார்ச்சாலையை ஓங்கி மிதிக்கிறார்கள். மாரிஸின் உழவர் வகை என்று இதைச் சொல்லலாம். நளினமெல்லாம் இல்லை, எனக்குப் பிடித்ததே அதுதான்.

அவர்கள் முகத்தில் நீலமும் பச்சையும் பூசியிருந்தார்கள். முன்பெல்லாம் கரியாம். அது வேலைக்காரன் மறைந்துகொள்ளப் பூசியது என்கிறது ஒரு தரப்பு. 19ஆம் நூற்றாண்டில் கறுப்பினத்தவரைக் கேலி செய்த மேடை நாடகங்களின் சாயலும் கலந்திருக்கிறது என்கிறது இன்னொரு தரப்பு. 2020இல் மாரிஸ் சங்கங்களே முகம் முழுக்கக் கறுப்பு பூசுவதைக் கைவிடச் சொல்லிவிட்டன. பக்கத்து வீட்டுப் பெரியவருக்கு அதில் வருத்தம். எனக்கு இல்லை. கரியின் காரணம் நியாயமாகவே இருக்கட்டும். அந்தக் கூட்டத்தில் என் நிறத்து ஆள் நானும் என் மனைவியும்தான். அதைப் பூசிக்கொண்டு பத்துப் பேர் எதிரே வந்து ஆடியிருந்தால் எந்த வரலாறும் அந்த நேரத்தில் நினைவுக்கு வந்திருக்காது.

ஒரு பச்சை முகக்காரர் வாளியைக் குலுக்கிக்கொண்டு வந்தார். "இருக்கிற நிலைமைக்கு..." என்று நான் இழுப்பதற்குள் மனைவி இரண்டு பவுண்டு போட்டுவிட்டாள். "விடுங்க, இல்லாட்டி நம்ம வாசல உழுதுடுவாங்க."

ஞாயிறன்று கரடியைக் கொளுத்தினார்கள். ஆளை வெளியே எடுத்துவிட்டுத்தான்! வைக்கோல் ஒரே மூச்சில் பற்றி எரிந்தது. அடுத்த வருடம் புது அறுவடையில் புதுக் கரடி கட்டுவார்களாம். வீட்டுக்கு வந்து அம்மாவுக்கு வீடியோ கால் போட்டேன். முகமெல்லாம் புகை.

"என்னடா மூஞ்சி இது, போகியா கொண்டாடுன? போகி முடிஞ்சு நாலு நாளாச்சே."

"கரடியக் கொளுத்துனோம்மா."

அம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. "அவ பக்கத்துல இருக்காளா? போன அவகிட்ட குடு."