ஒரு ரோடு, மூணு முதலாளி: கிண்டர்கார்ட்டன் முன்னாடி '30' வேக போர்டு வாங்கின கதை

நாங்க இருக்கறது தெற்கு ஜெர்மனில, பாடன்-வூர்ட்டம்பெர்க் மாநிலத்துல ஒரு சின்ன டவுன். ஆறாயிரத்து சொச்சம் ஜனம், ஸ்டுட்கார்ட்டுக்கு ரயில்ல ஒண்ணேகால் மணி நேரம். பேரைச் சொல்லல, ஏன்னா இங்க தமிழ்க் குடும்பம்னா நாங்க மட்டும்தான், ஊர்ப் பேரைச் சொன்னா வீட்டு அட்ரஸையே கொடுத்த மாதிரி ஆயிடும்.

2022 நவம்பர்ல ஒரு நாள் காலைல ஏழே கால் இருக்கும், இன்னும் விடியல. பொண்ணுக்கு அப்ப நாலு வயசு. கிண்டர்கார்ட்டனுக்கு எதிர்ப்பக்கம் காரை நிறுத்திட்டு கையைப் பிடிச்சு ரோட்டைத் தாண்டும்போது அவளோட க்ளவுஸ் ஒண்ணு கீழ விழுந்துச்சு, சட்டுனு கையை உருவிட்டு குனிஞ்சா, அந்த நேரம் பார்த்து வளைவுல ஜல்லி லாரி. அவன் பிரேக் போட்டான், நின்னுட்டான், ஒண்ணும் ஆகல. ஆனா அந்த லாரியோட பம்பர் அவ தலை உயரத்துக்கு இருந்தது இன்னும் கண்ணுலயே நிக்குது. இந்த ரோட்டுல 50 கிலோமீட்டர் வேகம் போகலாம், சட்டப்படி சரி. கிண்டர்கார்ட்டன் முன்னாடி மட்டுமாவது 30 ஆக்கணும்னு அன்னிக்கே முடிவு பண்ணிட்டேன். ரெண்டு மாசத்துல முடிஞ்சிடும்னு நினைச்சேன், பதினஞ்சு மாசம் ஆச்சு.

முதல்ல போனது ராட்ஹவுஸ், அதாவது டவுன் ஆஃபீஸ். புதன்கிழமை மூடியிருக்கும், வியாழக்கிழமை சாயங்காலம் ஆறு வரைக்கும் திறந்திருக்கும், வேலைக்குப் போறவங்க எல்லாம் அன்னிக்குதான் வரிசைல நிப்போம். கவுண்டர்ல இருந்த அம்மாதான் நாங்க குடிவந்தப்ப எங்க அட்ரஸைப் பதிவு பண்ணிக் கொடுத்தவங்க, என்னை ஞாபகம் வச்சிருந்தாங்க. விஷயத்தைக் கேட்டுட்டு "அந்த ரோடு எங்களோடது இல்லையே"ன்னாங்க. ஊருக்கு நடுவுல போற ரோடு, ராட்ஹவுஸ் ஜன்னல்ல எட்டிப் பார்த்தா தெரியுது, அது எப்படி உங்களோடது இல்லாம போகும்னு எனக்கு எரிச்சல்தான் வந்துச்சு. மாடில பவ்அம்ட்னு கட்டட, ரோடு வேலை பார்க்கற செக்‌ஷனுக்கு அனுப்பினாங்க.

அங்க இருந்த மனுஷன் ஒரு பழைய பேப்பரைத் திருப்பிப் போட்டு பென்சில்ல படம் வரைஞ்சு காட்டினார். ரெண்டு கோடு, அதுதான் ரோடு. இது மாநில ரோடு, தார் போடறது, குழி அடைக்கறது எல்லாம் மாநிலம். பக்கத்துல இன்னொரு கோடு, நடைபாதை, இது டவுனோடது. ஒரு கம்பம், தெருவிளக்கு, இதுவும் டவுன். அப்புறம் ஒரு வட்டம் போட்டு உள்ள 30னு எழுதி, "இந்தப் போர்டை வைக்கச் சொல்ற அதிகாரம் மாவட்ட ஆஃபீஸ், லாண்ட்ராட்ஸ்அம்ட்டுக்கு"ன்னார். எங்களை மாதிரி சின்ன டவுனுக்கு டிராஃபிக் அதிகாரி அங்கதான் உட்கார்ந்திருக்கார், மேயரே நினைச்சாலும் ஒரு போர்டு நட முடியாதாம். அந்தப் பேப்பரை நான் கேட்டு வாங்கிட்டு வந்துட்டேன், இப்பவும் ஃபைல்ல இருக்கு. இந்த ஊர்ல எந்த வேலைக்கு அலையறவங்களுக்கும் நான் சொல்றது இதுதான், முதல்ல அந்த இடம் யாரோடதுன்னு கேளுங்க, கோரிக்கை எல்லாம் அதுக்கு அப்புறம்.

கிளம்பும்போது பேச்சுவாக்குல, பஸ் ஸ்டாப் பக்கத்துல ஒரு விளக்கு எரியலன்னு சொல்லிட்டு வந்தேன். ஒன்பதாவது நாள் எரிஞ்சுது. அது டவுனோட கம்பம், அவ்ளோதான் விஷயம்.

லாண்ட்ராட்ஸ்அம்ட்டுக்கு ஈமெயில் போட்டேன், என் ஆத்திரத்தை எல்லாம் கொட்டி ஒன்றரைப் பக்கம். அஞ்சு வாரம் கழிச்சு ரொம்ப மரியாதையா ஒரு பதில் வந்துச்சு. அந்த இடத்துல விபத்து எதுவும் பதிவாகல, கிண்டர்கார்ட்டனோட வாசல் பக்கத்து சந்துல இருக்கு, மெயின் ரோட்டுக்கு நேரடி வழி கிடையாது, அதனால முடியாது. வாசல் சந்துலதான், உண்மைதான். ஆனா சந்துல ஒரு காரு நிறுத்த இடம் கிடையாது, அத்தனை பேரும் மெயின் ரோட்டுல நிறுத்திதான் பிள்ளைங்களை இறக்கறோம். இது காகிதத்துல எங்கயும் இல்ல.

பக்கத்து வீட்டுப் பெரியவர் ரிட்டயர்ட் தச்சர், ரெண்டு தடவை கவுன்சில்ல இருந்தவர். வேலி ஓரமா நின்னு லெட்டரைப் படிச்சுட்டு, "நீ கவுன்சில் கூட்டத்துக்கு வா, கத்தாத, கதை சொல்லாத, ஒரே ஒரு கேள்வி கேளு"ன்னார். நான் இந்திய பாஸ்போர்ட், எனக்கு அங்க என்ன வேலைன்னு கேட்டேன். மாநிலத்து உள்ளாட்சிச் சட்டத்துல கேள்வி நேரம் குடியிருக்கறவங்களுக்குன்னுதான் இருக்கு, குடியுரிமை வேணும்னு இல்ல. ஓட்டு மட்டும்தான் கிடையாது. ஜெர்மன்காரங்களுக்கும் ஐரோப்பிய யூனியன் நாட்டுக்காரங்களுக்கும் உண்டு, கீழ் வீட்டு இத்தாலிக்காரர் ஓட்டு போடறார், பத்து வருஷமா வரி கட்டற நான் வேடிக்கை பார்க்கறேன். இந்த ஊர் ஓட்டுச்சீட்டைப் பார்க்கணுமே, எங்க கவுன்சில்ல 18 சீட், அதனால ஒரு ஆளுக்கு 18 ஓட்டு, பிடிச்சவங்களுக்கு மூணு வரைக்கும் குத்தலாம், வேற வேற கட்சி லிஸ்ட்ல இருந்தும் பொறுக்கி எடுக்கலாம். சீட்டை முன்னாடியே வீட்டுக்கே அனுப்பிடறாங்க, 2024 ஜூன் 9 தேர்தலுக்கு அந்த இத்தாலிக்காரர் அதை டைனிங் டேபிள் முழுக்க விரிச்சு வச்சுட்டு கணக்கு போட்டுட்டு இருந்தார், கூட்டல் சரியா வருதான்னு நான்தான் பார்த்துக் கொடுத்தேன். பதினெட்டைத் தாண்டிட்டா மொத்தமும் செல்லாது.

சரி, கூட்டம். வாராவாரம் வீட்டுக்கு வர்ற அம்ட்ஸ்பிளாட்ல, டவுனோட அறிவிப்புப் பத்திரிகை அது, அஜெண்டா போட்டுருந்தாங்க. பிப்ரவரில ஒரு செவ்வாய்க்கிழமை ஏழு மணிக்குப் போனேன். குதிரை லாட வடிவத்துல மேஜை, நடுவுல மேயர். இங்க மேயரை ஜனங்களே நேரடியா எட்டு வருஷத்துக்குத் தேர்ந்தெடுக்கறாங்க, ஆஃபீஸுக்கும் அவர்தான் தலை, கவுன்சிலுக்கும் அவர்தான் தலை, ஓட்டும் உண்டு. எங்க மேயர் எந்தக் கட்சியும் இல்ல, அரசியல்வாதின்னு சொல்றதை விட நிர்வாகம் படிச்சு வந்த ஆஃபீசர்னுதான் சொல்லணும், இந்தப் பக்கத்து மேயருங்க நிறைய பேரு அப்படித்தான், கேல்லயோ லூட்விக்ஸ்பர்க்லயோ இருக்கற நிர்வாகக் கல்லூரில படிச்சுட்டு வர்றாங்க. பார்வையாளர் நாற்காலில என்னோட சேர்த்து நாலு பேரு, அதுல ஒருத்தர் நிருபர்.

நான் ஒரு வாரமா மனப்பாடம் பண்ணின கேள்வி இதுதான்: "கிண்டர்கார்ட்டன் முன்னாடி 30 வேணும்னு டவுன் நிர்வாகமே மாவட்டத்துக்கு விண்ணப்பம் போடுமா?" குரல் நடுங்குச்சு, வினைச்சொல்லைத் தப்பான இடத்துல வச்சேன், யாரும் சிரிக்கல. மேயர், முடிவு என் கைல இல்ல, ஆனா வேகம் காட்டற டிஸ்ப்ளே போர்டு ஒண்ணு நம்மகிட்ட இருக்கு, அதை ரெண்டு வாரம் அங்க வைக்கறேன், எண்ணிக்கை வந்தப்புறம் விண்ணப்பம் பத்தி பேசுவோம்னார். ஒரு பெண் கவுன்சிலர் இதைக் கூட்டக் குறிப்புல ஏத்துங்கன்னு கேட்டாங்க. அந்த ஒரு வரி எவ்வளவு பெரிய விஷயம்னு பின்னாடிதான் புரிஞ்சுது, அப்புறம் யார்கிட்ட போனாலும் "பிப்ரவரி கூட்டக் குறிப்புல இருக்கு"ன்னு ஆரம்பிச்சா போதும், தனிப் பேச்சே தேவைப்படல.

கேள்வி முடிஞ்சும் நான் உட்கார்ந்திருந்தேன், சும்மா பார்க்கலாமேன்னு. அடுத்து ஏதோ வீட்டுமனைத் திட்டம் வந்துச்சு. திடீர்னு ஒரு கவுன்சிலர் எழுந்து, நாற்காலியைத் தள்ளிட்டு, மேஜையை விட்டு வந்து என் பக்கத்துல பார்வையாளர் நாற்காலில உட்கார்ந்தார். ஏதும் சண்டையோன்னு பார்த்தேன். மெதுவா "க்ரூஸ் காட்"னு வணக்கம் சொல்லிட்டு கையைக் கட்டிக்கிட்டார். அந்தத் திட்டத்துக்குள்ள அவரோட நிலம் இருக்காம், சொந்த லாபம் இருக்கற விஷயத்துல பேசவோ ஓட்டு போடவோ கூடாது, மேஜைல உட்காரவே கூடாது. கை தூக்கி எண்ணி முடிச்சதும் எழுந்து போய் தன் இடத்துல உட்கார்ந்துட்டார். யாருக்கும் அது ஒரு விஷயமாவே தெரியல.

டிஸ்ப்ளே போர்டு வச்சாங்க. ரிசல்ட் எனக்கு எதிரா வந்துச்சு. நூத்துல 85 வண்டி எந்த வேகத்துக்குள்ள போகுதுன்னு ஒரு கணக்கு எடுப்பாங்க, அது 50ஐ ஒட்டியே இருந்துச்சு. எவனும் பறக்கல. எனக்கு ஒரே ஏமாற்றம், இவ்வளவு நாள் "ஓவர் ஸ்பீடு"ன்னு சொல்லிட்டு இருந்த ஆளு நான்.

பெரியவர்தான் விதியைத் தேடி எடுத்தார். 2016 டிசம்பருக்கு முன்னாடி இந்த மாதிரி பெரிய ரோட்டுல 30 வேணும்னா தனி ஆபத்து இருக்குன்னு நிரூபிக்கணும், அப்புறம் சட்டத்தை மாத்தி கிண்டர்கார்ட்டன், ஸ்கூல், ஆஸ்பத்திரி, முதியோர் இல்லம் முன்னாடி அந்த நிபந்தனையை எடுத்துட்டாங்க. அதோட நிர்வாக விதில நேரடி வாசல் வேணும்னு எழுதியிருக்கற அதே வாக்கியத்துல, "அல்லது"ன்னு போட்டு, பக்கத்துல பிள்ளைங்களைக் கொண்டுவிடற கூட்டம், ஏறி இறங்கறது, அடிக்கடி ரோட்டைத் தாண்டறது இருந்தாலும் போதும்னு இருக்கு. எனக்கு வந்த பதில்ல "அல்லது"க்கு முன்னாடி இருக்கறது மட்டும்தான் இருந்துச்சு. வேணும்னே விட்டாங்கன்னு நான் சொல்ல மாட்டேன், என் ஈமெயில்லயும் லாரி, வேகம், ஆத்திரம்தான் இருந்துச்சு, பிள்ளைங்க எங்க இறங்குறாங்கன்னு ஒரு வார்த்தை இல்ல.

அப்புறம் பெத்தவங்க கமிட்டிகிட்ட போனோம். கிண்டர்கார்ட்டனுக்கு ஒரு பெற்றோர் குழு கட்டாயம் இருக்கும், அது எழுதினா மதிப்பு அதிகம். ஒரு வாரம் காலைல ஏழுல இருந்து ஒன்பது வரைக்கும் மாத்தி மாத்தி நின்னு கோடு போட்டோம், எத்தனை காரு நின்னுச்சு, எத்தனை தடவை ரோட்டுப் பக்கக் கதவு திறந்துச்சு, எத்தனை பேரு தாண்டினாங்க. மழைல என் பேப்பர் நனைஞ்சு வியாழக்கிழமை கணக்கு பாதி போச்சு, மிச்சத்தை வச்சே மே மாசம் டவுன் நிர்வாகம் தன் பேர்லயே விண்ணப்பம் போட்டுச்சு.

செப்டம்பர்ல நேர்ல பார்க்க வந்தாங்க. மாவட்ட ஆஃபீஸ்ல இருந்து ரெண்டு பேரு, போலீஸ், ரோடு டிபார்ட்மெண்ட், நம்ம பவ்அம்ட் மனுஷன், எல்லாரும் மஞ்சக் கோட்டுல. காலைல ஏழரைக்கு வரச் சொல்லுங்கன்னு கெஞ்சிக் கேட்டிருந்தேன், பத்து மணிக்கு வந்திருந்தா காலி ரோட்டைப் பார்த்துட்டுப் போயிருப்பாங்க. நான் ஓரமாதான் நின்னேன், வாயே திறக்கல. ரெட்டைக் குழந்தைங்களோட ஒரு அம்மா, ஒண்ணை இறக்கி நடைபாதைல நிறுத்திட்டு இன்னொண்ணை எடுக்க ரோட்டுப் பக்கம் சுத்தி வந்தாங்க, பின்னாடியே ஜல்லி லாரி. போலீஸ்காரர் கையைக் காட்டி லாரியை நிறுத்திட்டு நோட்டுல என்னமோ எழுதினார்.

ஜனவரில உத்தரவு வந்துச்சு, பிப்ரவரில போர்டு வச்சாங்க. 300 மீட்டருக்கு 30, திங்கள்ல இருந்து வெள்ளி, காலை 7 முதல் 5 வரைக்கும். போர்டு செலவு ரோட்டுக்காரங்களோடது, அதனால மாநிலத்து ஆளுங்க வந்து நட்டாங்க.

அந்த மாசக் கூட்டத்துக்கும் போயிருந்தேன். மேயர் அறிவிப்புகள்ல ரெண்டாவதா ஒரே வாக்கியத்துல படிச்சார், யாரும் கை தட்டல, பெரியவர் மட்டும் பின் வரிசைல இருந்து என் தோளைத் தட்டினார். அடுத்து கல்லறைத் தோட்டக் கட்டணத்தை ஏத்தறது பத்தி ஐம்பது நிமிஷம் பேசினாங்க, நான் முழுசா உட்கார்ந்து கேட்டேன்.