தண்ணீர் ஒரு வழி, தாசில்தார் ஒரு வழி, கரண்ட் ஒரு வழி: குரூப் தேர்வுக்கு நான் புவியியல் படித்த விதம்

டிஎன்பிஎஸ்சி குரூப் 4, குரூப் 2 எழுதப்போகிற நம்ம பக்கத்துப் பிள்ளைகள் என்னிடம் அடிக்கடி கேட்பது இதுதான்: "அக்கா, தமிழ்நாடு புவியியலும் ஆட்சியியலும் எவ்வளவு படிச்சாலும் மண்டையில நிக்க மாட்டேங்குது, நீங்க எப்படிப் படிச்சீங்க?" 38 மாவட்டம், அதற்கு ஒரு ஆறு, ஒரு கனிமம், ஒரு மின் நிலையம் என்று கட்டம் போட்டு உருப்போட்டால் யாருக்குமே நிற்காது. நான் செட்டிநாட்டை மட்டும் எடுத்துக்கொண்டேன். இந்த நிலத்தில் தண்ணீர் எந்த வழியாக ஓடுகிறது, அரசாங்க ஃபைல் எந்த வழியாக ஓடுகிறது, கரண்ட் எந்த வழியாக வருகிறது என்று மூன்று படம் வரைந்தேன். மூன்றுக்கும் எல்லை வேறு வேறு. கேள்வி எடுப்பவர்கள் கைவைப்பது பெரும்பாலும் அந்த எல்லைகள் ஒத்துப்போகாத இடங்களில்தான்.

முதலில் நிர்வாகம். செட்டிநாடு என்று ஒரு மாவட்டமோ வட்டமோ கிடையாது. காரைக்குடி பஸ் ஸ்டாண்டில் நின்று வண்டிகளின் நம்பரைப் பாருங்கள். டிஎன் 63 சிவகங்கை, டிஎன் 55 புதுக்கோட்டை. காரைக்குடி, தேவகோட்டை, கானாடுகாத்தான், பள்ளத்தூர், ஆத்தங்குடி எல்லாம் சிவகங்கை மாவட்டம். ராயவரம், அரிமளம், ராங்கியம், நச்சாந்துபட்டி எல்லாம் புதுக்கோட்டை மாவட்டம். வீடும் சாப்பாடும் கோயிலும் ஒரே மாதிரி இருக்க, கோடு மட்டும் ஏன் நடுவில்? தெற்குப் பக்கம் சிவகங்கை ஜமீன், பிரிட்டிஷ் ஆட்சியில் 1910-இல் உருவான ராமநாதபுரம் மாவட்டத்துக்குள் இருந்தது. வடக்குப் பக்கம் புதுக்கோட்டைத் தொண்டைமான் சமஸ்தானம். அந்தச் சமஸ்தானம் 1948 மார்ச் 3-இல் இந்தியாவோடு இணைந்து திருச்சி மாவட்டத்தில் சேர்ந்தது. 1974 ஜனவரி 14-இல் புதுக்கோட்டை தனி மாவட்டமானது. ராமநாதபுரம் 1985 மார்ச் 15-இல் மூன்றாகப் பிரிந்தபோது சிவகங்கை வந்தது. அப்போது அதற்குப் பசும்பொன் முத்துராமலிங்கத் தேவர் மாவட்டம் என்று பெயர். 1997-இல் மாவட்டங்களுக்கு வைத்த தலைவர்கள் பெயர்கள் நீக்கப்பட்டபோதுதான் சிவகங்கை ஆனது. இந்தக் கதையைத் தெரிந்துகொண்டால் ஐந்து ஆண்டுகளும் தானாக ஒட்டிக்கொள்ளும்.

நாடாளுமன்றத் தொகுதி இந்தக் கோட்டை மதிப்பதே இல்லை. சிவகங்கை மக்களவைத் தொகுதியில் காரைக்குடி, திருப்பத்தூர், சிவகங்கை, மானாமதுரையோடு புதுக்கோட்டை மாவட்டத்தின் திருமயமும் ஆலங்குடியும் சேர்ந்தே இருக்கின்றன. (இந்தத் திருப்பத்தூர் நம்முடையது. 2019-இல் வேலூரில் இருந்து பிரிந்த திருப்பத்தூர் மாவட்டம் வேறு. பொருத்துக கேள்வியில் இரண்டையும் கலந்து விடுவார்கள்.)

மாவட்டத்துக்குள் இறங்கினால் இன்னும் சுவாரசியம். ஊர் பெரிது காரைக்குடி. வருவாய்க் கோட்ட அலுவலகம் இருப்பது தேவகோட்டையில். வருவாய்த் துறைக்குக் காரைக்குடி வட்டம். ஊரக வளர்ச்சித் துறைக்கு அந்தப் பக்கம் சாக்கோட்டை ஒன்றியம். கல்லல், கண்ணங்குடி, எஸ்.புதூர் எல்லாம் ஒன்றியம் உண்டு, வட்டம் கிடையாது. ஆகவேதான் சிவகங்கை மாவட்டத்தில் வட்டம் 9, ஒன்றியம் 12. வருவாய்த் துறை நிலத்தையும் சான்றிதழையும் பார்க்கிறது, ஒன்றியம் ரோட்டையும் தெருவிளக்கையும் நூறு நாள் வேலையையும் பார்க்கிறது. வேலை வேறு என்பதால் கோடும் வேறு.

அதிகார வரிசையைப் படிக்கப் புத்தகமே வேண்டாம், விண்ணப்பத்தோடு இணைத்தீர்களே, அந்தச் சாதிச் சான்றிதழை எடுங்கள். இ-சேவை மையத்தில் பதிந்த மனு விஏஓ (கிராம நிர்வாக அலுவலர்), ஆர்ஐ (வருவாய் ஆய்வாளர்) என்று ஏறிப் போகும். பிசி, எம்பிசி என்றால் துணை வட்டாட்சியர் கையெழுத்து. எஸ்சி என்றால் தாசில்தார். எஸ்டி என்றால் கோட்டாட்சியர். நம் அலமாரியில் இருக்கிற அந்த ஒரு தாளில் வருவாய் நிர்வாகத்தின் பாதி இருக்கிறது.

தண்ணீர்ப் படத்தைச் சுருக்கமாகவே சொல்கிறேன், பத்தாம் வகுப்புப் புத்தகத்தில் வேண்டியது இருக்கிறது. இங்கே தரை கிழக்கே கடலைப் பார்த்துச் சரிகிறது. மணிமுத்தாறு, தேனாறு, சருகணியாறு, பாம்பாறு எல்லாம் வடகிழக்குப் பருவமழையை நம்பிய ஆறுகள். ஐப்பசி, கார்த்திகையில் ஓடும், மற்ற நாளில் மணல்தான். திருநெல்வேலியில் தாமிரபரணியோடு சேரும் மணிமுத்தாறு வேறு, அணை இருப்பது அங்கே. செம்மண்ணும் சரளையும் உள்ள நிலம் என்பதால் மழைநீரைக் கண்மாய் கண்மாயாகத் தேக்கி, ஒன்றின் கலுங்கு (உபரி நீர் வெளியேறும் இடம்) வழிந்தால் அடுத்ததற்குப் போகும்படி முன்னோர் அமைத்திருக்கிறார்கள். குடிக்க ஊருணி தனி. காவிரி–வைகை–குண்டாறு இணைப்புக் கால்வாய், மாயனூர் கதவணையில் புறப்பட்டுப் புதுக்கோட்டை, சிவகங்கை வழியாகப் போகப்போவது இந்த வறட்சியால்தான்.

இனி கரண்ட். பலர் இதைத் தாண்டிப் போகிறார்கள், எனக்கு அதிகம் கைகொடுத்தது இதுதான்.

வீட்டு ஈபி அட்டையை எடுத்து இணைப்பு எண்ணைப் பாருங்கள். காரைக்குடி வீடு என்றால் 05 என்று தொடங்கும். அது மதுரை மண்டலத்தின் எண். அடுத்து வருவது பிரிவு அலுவலக எண், பிறகு பகிர்மான எண், கடைசியில் உங்கள் வீட்டு எண். திருமயம் பக்கத்து உறவுக்காரர் வீட்டு அட்டையைக் கேட்டு வாங்கிப் பாருங்கள்: 06, திருச்சி மண்டலம். அதாவது 1948-க்கு முந்தைய அந்தச் சமஸ்தானக் கோடு இன்றும் ஈபி அட்டையில் உயிரோடு இருக்கிறது. மண்டலம், வட்டம், கோட்டம், உபகோட்டம், பிரிவு என்று இறங்கும் இந்த வரிசையில் மேற்பார்வைப் பொறியாளர் வட்டத்துக்கு, செயற்பொறியாளர் கோட்டத்துக்கு. தாசில்தாரின் வட்டத்தோடு இதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். ஈபி வட்டம் கிட்டத்தட்ட மாவட்ட அளவு.

சரி, கரண்ட் எங்கிருந்து வருகிறது? செட்டிநாட்டுக்குள் பெரிய மின் நிலையம் ஒன்றும் இல்லை. காரைக்குடியில் இருப்பது மத்திய அரசின் மின்கடத்தல் நிறுவனமான பவர்கிரிட்டின் 400 கிலோவோல்ட் துணை மின் நிலையம். அங்கே வருவது ஒரு தனி ஊரின் மின்சாரம் அல்ல. நெய்வேலிப் பழுப்பு நிலக்கரி, கூடங்குளம் அணு உலை, வழுதூர் எரிவாயு, கமுதியின் 648 மெகாவாட் சூரியமின் பூங்கா எல்லாம் ஒரே வலைப்பின்னலில் கலந்து, 400, 230, 110, 33, 11 கிலோவோல்ட் என்று இறங்கி, தெருமுனை டிரான்ஸ்பார்மரில் 230 வோல்ட்டாகி வீட்டுக்குள் வருகிறது. ஆகவே மின் நிலையங்களை மாவட்டவாரியாகப் படிக்காமல் எரிபொருள்வாரியாகப் படியுங்கள். அந்த எரிபொருள் ஏன் அந்த இடத்தில் என்று கேட்டுக்கொண்டால் புவியியலும் முடிந்துவிடும். காற்றாலை ஏன் முப்பந்தலில்? ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாகத் தென்மேற்குக் காற்று பீறிட்டு வருவதால். தூத்துக்குடியில் ஏன் அனல்? நிலக்கரி கப்பலில் வந்து இறங்குவதால்.

எனக்குப் பிடித்த இணைப்பு முல்லைப் பெரியாறு. மேற்கே அரபிக்கடலுக்குப் போகிற ஆற்றை 1895-இல் அணை கட்டி மறித்து, மலையைக் குடைந்து கிழக்கே திருப்பினார்கள். அந்த நீர் தேனி மாவட்டத்து லோயர் கேம்ப் மின் நிலையத்தில் டர்பைனைச் சுற்றிவிட்டு வைகைக்கு வந்து, கடைசியில் நம் மாவட்டத்து வயல்களுக்கும் பாய்கிறது. கேரளத்து நிலம், தேனியின் மின்சாரம், சிவகங்கையின் நெல்: ஒரே நீரில் மூன்று கேள்வி.

ஆற்றல் பற்றிச் செட்டிநாட்டுக்கு என்றே இரண்டு செய்தி உண்டு, விடவே கூடாது. சிவகங்கையில் கிராஃபைட் கிடைக்கிறது, மாநில அரசின் கனிம நிறுவனமான டாமின் எடுக்கிறது. பேட்டரியின் ஒரு முனைக்கு அதே கிராஃபைட்தான் வேண்டும். பேட்டரி ஆராய்ச்சி செய்யும் மத்திய மின்வேதியியல் ஆய்வகம், சிக்ரி, இருப்பதோ காரைக்குடியில். வள்ளல் அழகப்பர் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுக்க, 1948-இல் நேரு அடிக்கல் நாட்டினார். 1953 ஜனவரி 14-இல் டாக்டர் ராதாகிருஷ்ணன் திறந்துவைத்தார். கனிமம், நிறுவனம், ஆளுமை என்று மூன்று பாடத்துக்கும் இது உதவும்.

மின்துறை நிர்வாகத்தில் ஆண்டுகள் முக்கியம். தமிழ்நாடு மின்வாரியம் 1957 ஜூலை 1. 2010 நவம்பரில் டான்ஜெட்கோ (உற்பத்தி, பகிர்மானம்), டான்டிரான்ஸ்கோ (மின்கடத்தல்) என்று பிரிந்தது. கட்டணத்தை முடிவு செய்வது மின்வாரியம் இல்லை, தமிழ்நாடு மின்சார ஒழுங்குமுறை ஆணையம். அரசமைப்பில் மின்சாரம் பொதுப்பட்டியலில் இருக்கிறது. மத்திய அரசின் 2003 மின்சாரச் சட்டமும் மாநில அரசின் 100 யூனிட் இலவசமும் ஒரே பில்லில் வர முடிவது அதனால்தான்.

பழைய கைடை அண்ணனிடமோ அக்காவிடமோ வாங்கிப் படிப்பவர்கள் மூன்று இடத்தில் பென்சிலால் திருத்திக்கொள்ளுங்கள். காரைக்குடி நகராட்சி என்று இருக்கும். 2024 முதல் மாநகராட்சி, புதுக்கோட்டையும் அப்படியே. டான்ஜெட்கோ என்று இருக்கும். 2024-இல் அதுவும் உற்பத்தி, பகிர்மானம், பசுமை எரிசக்தி என்று மூன்று கழகமாகிவிட்டது. காற்றாலை நிறுவுதிறனில் தமிழ்நாடு முதலிடம் என்று இருக்கும்; இப்போது குஜராத் முந்திவிட்டது, நாம் இரண்டாவது.