பீத்தோவனின் உரையாடல் ஏடுகள்

இசைமேதைகளின் வாழ்க்கை வரலாற்றைப் படிக்கும்போது, ஒவ்வொரு செய்தியும் எழுதியவருக்கு எங்கிருந்து கிடைத்தது என்பதையே நான் முதலில் தேடுவேன். செவித்திறனை இழந்த பீத்தோவனைக் காண வந்தவர்கள், சொல்ல நினைத்ததைச் சிறு ஏடுகளில் எழுதிக் காட்டினார்கள். அவரோ பெரும்பாலும் வாய்மொழியாகவே பதிலளித்ததால், அவற்றில் எஞ்சியிருப்பது உரையாடலின் ஒரு பாதிதான். அவருடைய உதவியாளராக இருந்து, 1840இல் அவரது வரலாற்றை வெளியிட்ட ஆன்டன் ஷிண்ட்லர், பீத்தோவனின் மறைவுக்குப் பிறகு அந்த ஏடுகளில் தாமே பல வரிகளைச் சேர்த்திருந்தார் என்பது 1977இல்தான் வெளிச்சத்துக்கு வந்தது. ஐந்தாம் சிம்பொனியின் தொடக்கத்தை, விதி கதவைத் தட்டும் ஓசை என்று பீத்தோவனே விளக்கியதாக இன்றும் சொல்லப்படும் கதைக்கும் ஷிண்ட்லரே மூலம். அந்தத் தொடக்கத்தில் வரும் குறுகிய மூன்று சுரங்களும் நீண்ட ஒன்றும் சேர்ந்து முதல் பகுதி முழுவதையும் எவ்வாறு கட்டியெழுப்புகின்றன என்று இசைக்குறிப்பைக் கொண்டே காட்டும் ஆய்வுநூலைத்தான், அந்தக் கதையைவிட, நான் பெரிதும் மதிக்கிறேன்.