எல்லிஸ் தீவுப் படம்: வேகத்தைச் சரிசெய்கிறேன்

எடிசன் நிறுவனத்துக்காக ஆல்ஃபிரட் அபாடி 1903 ஜூலையில் எடுத்த 'எமிக்ரண்ட்ஸ் லேண்டிங் அட் எல்லிஸ் ஐலண்ட்' படம்தான் இப்போது என் கணினியில் இருக்கிறது. அமெரிக்காவில் குடியேற வந்தவர்களைச் சோதித்து உள்ளே அனுப்பிய நியூயார்க் துறைமுகத் தீவுதான் எல்லிஸ். இரண்டு நிமிடத்துக்குச் சற்று மேல் ஓடும். 'வில்லியம் மையர்ஸ்' என்ற நீராவிப் படகு கரையை ஒட்டுகிறது, நடைபலகை போடுகிறார்கள், வந்தவர்கள் இறங்கி கேமராவைக் கடந்து போகிறார்கள். அவ்வளவுதான்.

கிடைத்த பிரதியில் எல்லோரும் விறுவிறுவென்று ஓடுகிறார்கள், பார்த்தால் சிரிப்பு வருகிறது. ஊரை விட்டு வந்தவர்களைப் பார்த்துச் சிரிக்க எனக்கு மனமில்லை. முதலில் இரட்டித்திருந்த ஃபிரேம்களை நீக்கினேன். பிறகு நொடிக்கு 18 ஃபிரேம் வைத்துப் பார்த்தேன், அவசரம் போகவில்லை. 14-க்கு இறக்கியதும் தண்ணீருக்குள் நடப்பது போல் ஆகிவிட்டது. 16-இல் நடை நடையாகத் தெரிந்தது. அந்தக் காலத்தில் கேமராவைக் கையால் சுழற்றினார்கள் என்பதால் இதற்கு ஒரே சரியான எண் கிடையாது, கண்தான் அளவுகோல்.

வேகம் குறைந்ததும் மூட்டைகளின் கனம் தெரிய ஆரம்பித்தது. சிலர் நடந்தபடியே கேமராவை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போகிறார்கள். முன்பு அது கண்ணில் படவே இல்லை. முதல், இரண்டாம் வகுப்புப் பயணிகளைக் கப்பலிலேயே சோதித்து மன்ஹாட்டனில் இறக்கிவிடுவார்கள். கப்பலின் அடித்தளத்தில் வந்த ஏழைகளைத்தான் படகில் ஏற்றி இந்தத் தீவுக்குக் கொண்டுவந்தார்கள். வசதியைப் பொறுத்துத்தான் வரவேற்பும்!

அடுத்தது படம் முழுக்கத் தெரியும் புள்ளிகள். 1912 வரை அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் திரைப்படத்துக்குத் தனி இடம் இல்லை. அதனால் படம் முழுவதையும் காகிதச் சுருளில் அச்சிட்டுப் புகைப்படமாகப் பதிவு செய்தார்கள். பல படங்களின் மூலமான, எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் படச்சுருள்கள் அழிந்துவிட்டன, காகிதம் பிழைத்தது. 1950-களில் படமீட்பாளர் கெம்ப் நைவர் அந்தக் காகிதச் சுருள்களை 16 மி.மீ. படச்சுருளுக்கு மாற்றினார். என் பிரதியும் அப்படிக் காகிதம் வழியாக வந்ததுதான், அதனால்தான் இந்தப் புள்ளிகள். புள்ளிகளை நீக்கும் வசதியைப் போட்டால் முகங்கள் மெழுகாகிவிடுகின்றன. அதை அணைத்துவிட்டேன். வண்ணம் பூசும் எண்ணமும் இல்லை.

வெளிச்சம் கூடிக் குறைவது மட்டும் பாக்கி. அது முடிந்ததும் அதே தீவில் ஒளிப்பதிவாளர் பில்லி பிட்சர் 1906-இல் எடுத்த படத்தை எடுத்துக்கொள்ளப் போகிறேன்.