முட்டை மிதந்தால் பதம் சரி

ஆங்கிலேய அரசவைப் பிரமுகர் சர் கெனெல்ம் டிக்பி 1665-ல் இறந்தார், அவர் சேர்த்துவைத்த சமையல் குறிப்புகள் 1669-ல் லண்டனில் புத்தகமாக வந்தன. திறந்தால் பக்கம் பக்கமாகத் தேன் மதுதான், மனுஷனுக்கு அலுக்கவே இல்லை போல. தேன்நீரில் முட்டையை மிதக்கவிட்டு, மேலே ஒரு காசு அகலத்துக்கு ஓடு தெரிந்தால் பதம் சரி என்கிறார். எனக்குப் பிடித்தது தேநீர்க் குறிப்பு. சீனாவிலிருந்து வந்த ஒரு ஜெசுவிட் பாதிரியார் சொன்னதாம்: இரண்டு மஞ்சள் கருவைச் சர்க்கரையோடு நன்றாக அடித்து, அதில் சூடான தேநீரை ஊற்றிக் கலக்கிக் குடிக்க வேண்டும். இலை எவ்வளவு நேரம் ஊறணும்? ‘மிசெரெரே’ என்கிற பைபிளின் 51-ஆம் சங்கீதத்தை நிதானமாக ஒருமுறை சொல்லி முடிக்கிற வரைக்கும். நானும் அந்தச் சங்கீதத்தைத் தமிழில் படித்துக்கொண்டே ஊறவிட்டேன், தேநீர் அருமையாக இருந்தது, அப்புறம் முட்டை போடத்தான் மனசு வரவில்லை.